அரக்கனின் இடது கை

மார்ச் 4

அன்பு அண்ணாவுக்கு,

நான் நலம். இருமல் போய்விட்டது. தூக்கம்தான் இன்னும் வந்து சேரவில்லை. நீ, அண்ணி, அம்மா, அப்பா எல்லாரும் எப்படி இருக்கிறீர்கள்? போனில் கேட்டால் அம்மா ஸ்பீக்கரில் போட்டுவிடுகிறாள். "நாங்க எல்லாம் நல்லா இருக்கோம், நீ சாப்டியா?" என்பதோடு விசாரணை முடிந்துவிடுகிறது. உன்னிடம் தனியாக நாலு வார்த்தை பேச வழியில்லை. அதனால் கடிதம். சிரிக்காதே. பதிலையும் கடிதமாகவே எழுது.

விஷயத்துக்கு வருகிறேன். எனக்கு அரக்கன் கிடைத்துவிட்டான்!

இத்தனை வருஷம் நான் பார்த்தது அழிக்கிற வேலை. கதாநாயகன் ஆகாயத்தில் பறப்பான். அவன் முதுகில் கட்டிய கயிற்றை நான் கம்ப்யூட்டரில் அழிப்பேன். ராஜகுமாரி பூதத்தோடு பேசுவாள். அவள் பார்ப்பதற்காக ஒருத்தர் குச்சி நுனியில் பந்தைச் செருகிப் பிடித்துக்கொண்டு நிற்பாரே, அவரையும் பந்தையும் சேர்த்து அழிப்பேன். பூதத்தை வேறு யாராவது வரைந்து வைப்பார்கள், கைதட்டலும் அவர்களுக்குத்தான். "என் பொண்ணு இருக்கிறதை இல்லாம பண்ணுவா" என்று அம்மா பக்கத்து வீட்டில் பெருமை அடித்து, அவர்கள் என்னை என்னவோ ஏதோ என்று பார்த்தது நினைவிருக்கிறதா? இனிமேல் அவள் மாற்றிச் சொல்லலாம். இந்தப் படத்தில் ஒரு கிழட்டு அரக்கன் வருகிறான், படம் முழுக்க. அவனை நடக்க வைப்பது என் பொறுப்பு. சரியாக வந்தால் திரையில் என் பெயர் தனியாக வரும் என்று சூப்பர்வைசர் சொல்லியிருக்கிறார்.

ஒரு சிக்கல். சண்டைப் பயிற்சியாளர் ஒருவரை நடக்கவிட்டு எடுத்தார்கள். அவர் மார்பை நிமிர்த்திக்கொண்டு சினிமா அரக்கன் மாதிரியே நடந்தார். இயக்குநருக்குப் பிடிக்கவில்லை. "எனக்கு நிஜமா ஒருத்தன் வேணும்" என்கிறார். எனக்கு உடனே அப்பாதான் நினைவுக்கு வந்தார். அந்த உயரம், அந்த அகலம். அப்பாவை நடக்கச் சொல்லி உன் போனில் எடுத்து அனுப்பேன். முன்னால், பின்னால், பக்கவாட்டில். முழு உடம்பும் தெரிய வேண்டும். அரக்கனுக்காக என்று சொல், உற்சாகமாகிவிடுவார்.

அண்ணிக்கு என் அன்பு.

உன்,
வாண்டு


மார்ச் 19

வாண்டுக்கு அண்ணன் எழுதுவது.

இங்கே எல்லாரும் சௌக்கியம். உன் தூக்கம் எங்கே போயிற்று என்று விசாரித்தேன், அண்ணி அதையும் சேர்த்துத் தூங்குகிறாள்.

தாமதத்துக்குக் கோபிக்காதே. ஆஸ்பத்திரியில் வேலை இருந்தது. லிஃப்ட் மெக்கானிக் பிழைப்பே இப்படித்தான், ஊரை எல்லாம் மேலே ஏற்றிவிட்டு நான் மட்டும் குழிக்குள் நிற்கிறேன்.

நீ கேட்ட வீடியோவை அனுப்பியிருக்கிறேன். மொட்டை மாடியில் எடுத்தது. அப்பாவிடம் விஷயத்தைச் சொன்னேன். "எப்படி நடக்கணும்?" என்று கேட்டார். "உங்க இஷ்டம்" என்றேன். நடந்தார். அவ்வளவுதான்.

பிடிக்கவில்லை என்றால் சொல்லிவிடு, வேறு யாரையாவது பார்க்கலாம். எங்கள் கம்பெனி வாட்ச்மேனும் நல்ல உயரம்.

சாப்பாட்டு நேரத்தில் சாப்பிடு. வேலைக்குப் பெருமைப்படுகிறேன். நேரில் என்றால் சொல்லியிருக்க மாட்டேன்.

அண்ணன்


மார்ச் 24

அண்ணா, அண்ணா, அண்ணா!

நலம் எல்லாம் அப்புறம். அப்பா இப்படி நடிப்பார் என்று எனக்கு ஏன் யாருமே சொல்லவில்லை?

வாட்ச்மேனாவது ஒன்றாவது! வீடியோவை எத்தனை தடவை ஓட்டிப் பார்த்தேன் என்று எனக்கே தெரியாது. ஒவ்வொரு ஃபிரேமாக நிறுத்தி, கம்ப்யூட்டரில் இருக்கிற அரக்கனின் எலும்புகளை அதே மாதிரி திருப்பி வைத்தேன். வலது கை கொஞ்சமாவது வீசுகிறது. இடது கை அப்படியே இடுப்போரம் நிற்கிறது. முழங்கை லேசாக மடங்கி, எதையோ கக்கத்தில் இடுக்கியிருப்பது போல. யாருக்கு வரும் இந்த யோசனை? ஸ்கூலில் நாள் முழுக்க விசில் ஊதி "கையை வீசு, கையை வீசு" என்று பிள்ளைகளின் பிராணனை வாங்கிய டிரில் மாஸ்டர், அரக்கன் என்றதும் கையை நிறுத்திவிட்டார் பார்! திரும்பும்போது சட்டென்று திரும்பாமல் குட்டிக் குட்டியாக அடிவைத்துத் திரும்புகிறார். ஒரு பீரோவை நகர்த்தி நகர்த்தித் திருப்புகிற மாதிரி. அவ்வளவு பெரிய உடம்பை அப்படித்தான் திருப்ப முடியும் என்று பார்த்தவுடன் நம்பத் தோன்றுகிறது.

இயக்குநரிடம் போட்டுக் காட்டினோம். மறுபடி போடச் சொன்னார். பிறகு, "யாருய்யா அந்த நடிகர்?" என்றார். "எங்க அப்பா" என்றேன்.

சூப்பர்வைசர் இன்னொன்று கேட்கிறார். அப்பா சாதாரணமாக நடப்பதையும் எடுத்து அனுப்பு. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், நடிப்பில் எதையெல்லாம் கூட்டினார் என்று பிடித்துவிடலாம். பிறகு அரக்கன் ஓடுவதற்கும் ஏறுவதற்கும் அந்தக் கணக்கே போதும். இந்த வாரமே வேண்டும், சரியா?

நான் நலம், ரொம்ப ரொம்ப நலம். அங்கே எல்லாரும் நலம்தானே? அப்பாவின் கையைப் பிடித்து என் சார்பில் குலுக்கு.

வாண்டு


மே 2

வாண்டுக்கு,

நீ நலமாக இருப்பது சந்தோஷம். நாங்களும் இருக்கிறோம். அண்ணிக்குத் தோள்வலி, அம்மாவுக்குப் புதுத் திரைச்சீலை ஆசை, எனக்கு வேலை. புதுக் கட்டடம் ஒன்றில் லிஃப்ட் நடு மாடியில் நின்று நின்று என் மானத்தை வாங்குகிறது. ஒரு மாதமாகப் பேனாவைத் தொடவில்லை.

உன் கடிதத்தை அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். நடிப்பைப் பற்றி வருகிற இடத்தை மறுபடி படிக்கச் சொன்னார். பிறகு, "நல்லா நடிச்சேன்னா சொல்றா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். இயக்குநர் கேட்டதையும் சொன்னேன். "சரி, அப்படியே இருக்கட்டும்" என்றார். அன்று சாயங்காலம் இயக்குநர் கேட்டதை அம்மாவிடம் இரண்டு தடவை சொன்னார்.

நீ கேட்ட இன்னொரு வீடியோவை எடுக்க முடியவில்லை. என் போனில் கேமரா சரியில்லை. இருப்பதை வைத்து ஒப்பேற்றிக்கொள், உன் திறமைக்கு அது போதாதா?

வெயில் அதிகம். தண்ணீர் நிறையக் குடி.

அண்ணன்


மே 9

அண்ணாவுக்கு,

நலம், நலமறிய ஆவல் எல்லாம் வழக்கம் போல. ஆனால் கோபத்தோடு.

போனில் கேமரா சரியில்லையா? அண்ணிக்குப் போன் இல்லையா? பக்கத்து வீட்டில் இல்லையா? ஒரு மாதம் கழித்து ஒரு சாக்கு, அதுவும் இப்படி ஓட்டைச் சாக்கு. எனக்கு இங்கே உட்கார்ந்தால் இருப்புக் கொள்ளவில்லை. இந்த அறைக்கு ஜன்னலும் கிடையாது. வாசலிலேயே போனைப் பிடுங்கிப் பெட்டியில் வைத்துவிடுகிறார்கள், படம் வெளியே போய்விடக்கூடாதாம். வெளியே மழையா வெயிலா என்று புதிதாக வருகிறவனின் சட்டையைப் பார்த்துத் தெரிந்துகொள்கிறோம்.

இன்று காட்டுக் காட்சி பார்த்தோம். அரக்கன் சிறுவர் பட்டாளத்தைத் துரத்தும் இடம். இயக்குநர், "கொஞ்சம் வேகமா ஓட்டிக் காட்டு" என்றார். அப்பாவின் நடையை அப்படியே வேகப்படுத்தினேன். அந்தக் குட்டி அடிகளும் அசையாத கையும் வேகத்தில் ஒரு மாதிரி பொம்மை போல ஆகிவிட்டன. அறையே சிரித்தது. என் பக்கத்து நாற்காலியில் உட்காருகிறவள், நாங்கள் கண்ணாடி என்று கூப்பிடுவோமே, அவள் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நானும் சிரித்தேன். இயக்குநர் இதையே வைத்துக்கொள்ளலாமா என்று யோசிக்கிறார். படத்தில் சிரிப்புக்கு வேறு இடம் இல்லையாம்.

எனக்கு அது வேண்டாம். அரக்கனுக்கு ஒரு மரியாதை இருக்கிறது. அதைக் காப்பாற்ற வேண்டுமானால் அப்பாவின் நிஜ நடையிலிருந்து ஓட்டத்தைப் புதிதாகக் கட்ட வேண்டும். அதற்குத்தான் அந்த வீடியோ. புரிகிறதா, மந்த அண்ணா?

வாண்டு


மே 30

அண்ணா,

நான் நலமாக இல்லை. நீ பதில் எழுதவில்லை. எழுத மாட்டாய் என்று இப்போது புரிகிறது.

அம்மா புதுத் திரைச்சீலையைக் காட்ட ஒரு வீடியோ அனுப்பியிருந்தாள். பால்கனியிலிருந்து எடுத்தது. காற்றில் திரைச்சீலை விலகும்போது எதிர் மைதானம் தெரிகிறது. மைதானத்தில் அப்பா வந்துகொண்டிருக்கிறார், கையில் பால் பையோடு. யாரும் அவரை எடுக்கவில்லை. யார் பார்ப்பதும் அவருக்குத் தெரியாது. வெறுமனே வீட்டுக்கு வருகிறார்.

அதே நடை. இடது கை அதே இடத்தில். கேட்டுக்குள் நுழையும்போது அதே மாதிரி அடி அடியாகத் திரும்புகிறார்.

முதலில், இங்கேயும் நடிக்கிறாரே என்று நினைத்தேன். பார், எவ்வளவு முட்டாள் நான். மறுபடி ஓட்டிப் பார்த்தபோதுதான் புரிந்தது. அவர் நடிக்கவே இல்லை. மொட்டை மாடியிலும் நடிக்கவில்லை. நீ "உங்க இஷ்டம்" என்றாய், அவர் தன்னால் எப்படி முடியுமோ அப்படி நடந்தார். நான் அதைப் பார்த்துக் கைதட்டினேன். வேகமாக ஓட்டிச் சிரித்தேன்.

நான் வீட்டுக்கு வந்து ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிறது. போன முறை என்னை வழியனுப்ப வந்தபோது என் பெட்டியை அந்த இடது கையில்தான் தூக்கி வந்தார்.

அப்பாவுக்கு என்ன? சுற்றி வளைக்காமல் எழுது.

வாண்டு


ஜூன் 6

வாண்டு,

அப்பாவுக்குப் பார்க்கின்சன். நரம்பு டாக்டர் ஜனவரியில் சொன்னார். நான் ஆஸ்பத்திரியில் வேலை என்று எழுதினேனே, அங்கே லிஃப்ட் நன்றாகத்தான் ஓடுகிறது.

கை நடுங்கினால்தானே அந்த வியாதி என்று நானும் நினைத்திருந்தேன். எல்லாருக்கும் நடுங்காதாம். இவருக்கு உடம்பு இறுகிப்போகிறது. முதலில் கை வீசுவது நின்றது. தோள்பட்டை பிடித்திருக்கிறது என்று தைலம் தேய்த்தோம். பிறகு முகம். சிரிக்கிறார், ஆனால் முகத்துக்கு வருவதில்லை. உம்மென்று இருக்கிறாரே என்று அம்மா சண்டைகூடப் போட்டாள். இப்போது அதை நினைத்து நினைத்து அழுகிறாள். முழுசாகக் குணமாகாது. மருந்தும் பயிற்சியும் இருந்தால் ரொம்ப நாள் ஓட்டலாம் என்கிறார் டாக்டர்.

உன்னிடம் சொல்லக் கூடாது என்பது அவருடைய உத்தரவு. "இப்பதான் அவளுக்கு நல்லது நடக்குது, வாயைத் திறந்தே, அவ்வளவுதான்" என்றார். நீ வீடியோ கேட்டதும் எனக்குத் திக்கென்றது. முடியாது என்று சொல்லலாம் என்றேன். அவர்தான், "கேட்டிருக்கா, எடுத்துடு" என்று தானே படியேறினார். பிறகு நீ நடிப்பு என்று எழுதினாய். வாண்டு, அந்தக் கடிதத்தைப் படித்தபோது அவர் முகத்தில் ஏதோ அசைந்தது. பல மாதத்தில் முதல் தடவை. அதற்கப்புறம் உண்மையைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. உதைக்க வேண்டுமானால் என்னை உதை.

டாக்டர் எண்ணிக்கை சொல்லி நடக்கச் சொன்னார். தாளம் இருந்தால் கால் தடுமாறாதாம். தினமும் மைதானத்தில் பழைய டிரில் குரலில் தனக்குத் தானே உத்தரவு போட்டுக்கொண்டு நடக்கிறார். நேற்று பழைய மாணவன் ஒருத்தன், இப்போது வயிறு தள்ளிய ஆள், பைக்கை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் பார்த்தான். பிறகு அவர் பின்னாலேயே சேர்ந்து நடக்க ஆரம்பித்தான். அப்பா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை, "காலை மாத்துடா" என்று மட்டும் சொன்னார்.

நீ பதறி ஓடி வர வேண்டாம். அதுவும் அவர் சொன்னதுதான். படத்தை முடித்துவிட்டு வா என்கிறார்.

உடம்பைப் பார்த்துக்கொள். நிஜமாகவே சொல்கிறேன்.

அண்ணன்


ஜூன் 12

அண்ணாவுக்கு,

உன் மேல் கோபம் வந்தது, போனது, மறுபடி வந்தது. இப்போது எது இருக்கிறது என்று தெரியவில்லை. அப்பா மருந்தை ஒழுங்காகச் சாப்பிடுகிறாரா? அம்மா தூங்குகிறாளா?

கடிதம் கிடைத்த அன்றே அரக்கனை அழித்துவிடலாம் என்று உட்கார்ந்தேன். அழிப்பது எனக்குக் கைவந்த கலைதானே. இடது கையைப் பிடித்து வீச வைத்தேன். அரக்கன் ஜம்மென்று நடந்தான். பார்க்கவே பிடிக்கவில்லை. அப்பாவைத் திருத்திவிட்ட மாதிரி இருந்தது. பழையபடியே மாற்றினேன். மறுநாள் மறுபடி வீச வைத்தேன். சூப்பர்வைசர் பார்த்துவிட்டு, "உனக்கு என்ன ஆச்சு? நல்லா இருந்ததைக் கெடுக்கிறே" என்றார். சொல்லிவிட்டேன். அவர் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்தார். நல்ல மனிதர்தான். ஆனால் நடையை மாற்ற அவருக்கு அதிகாரம் இல்லை. இயக்குநர் அதைக் காட்டித்தான் ஊரெல்லாம் பேசிக்கொண்டிருக்கிறார்.

லீவு கேட்டேன். போகலாம், ஆனால் நடுவில் போனால் அரக்கன் வேறு கைக்குப் போய்விடுவான், திரையில் வர வேண்டிய என் பெயரும் போய்விடும் என்றார். பெயர் கிடக்கட்டும் என்று எழுத ஆசைதான். பொய் எழுத வரவில்லை. இத்தனை வருஷம் கயிறு அழித்தது அதற்காகத்தான்.

அதைவிடப் பெரிய பயம் ஒன்று. காட்டுக் காட்சியை இயக்குநர் இன்னும் முடிவு செய்யவில்லை. நான் தினமும் போய் நின்று, வேகம் வேண்டாம், சிரிப்பு வேண்டாம் என்று வாதாடுகிறேன். நான் இல்லாவிட்டால் அவர்கள் அவனை வேகமாக ஓட்டிவிடுவார்கள். தியேட்டர் தியேட்டராக ஜனங்கள் அப்பாவைப் பார்த்துச் சிரிப்பார்கள், யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்றே தெரியாமல். நாற்காலியில் உட்கார்ந்தால் எழுந்திருக்கத் தோன்றுகிறது, எழுந்தால் எங்கே போவது என்று தெரியவில்லை.

நான் என்ன செய்யட்டும்? நீயே சொல்.

வாண்டு


ஜூன் 29

வாண்டுக்கு,

எல்லாரும் இருக்கிறோம். அப்பா குளியலறையில் விழுந்துவிட்டார். பயப்படாதே, எலும்புக்கு ஒன்றுமில்லை, மணிக்கட்டில் கட்டு. விழுந்தவர் கூப்பிடவில்லை. தண்ணீர்ச் சத்தம் நிற்கவில்லையே என்று அண்ணி போய்ப் பார்த்தாள். "ஏன் கூப்பிடலை?" என்று கத்தினேன். நான் அப்பாவிடம் கத்தியது அதுதான் முதல் தடவை.

நீ என்ன செய்ய வேண்டும் என்று கேட்டிருந்தாய். அப்பா வராதே என்கிறார். அம்மா உன் அறையைப் பெருக்கி வைத்திருக்கிறாள். என்னைக் கேட்டால், வந்தால் தேவலை என்றிருக்கிறது. ஆனால் நீ வந்து, அங்கே உன் பெயர் போய், பிறகு அதற்கும் நான்தான் காரணம் என்று ஆகிவிட்டால்? நான் சொன்னேன் என்று முடிவு செய்யாதே.

அண்ணன்


ஜூலை 8

அண்ணாவுக்கு,

அப்பாவின் மணிக்கட்டு எப்படி இருக்கிறது? குளியலறையில் பிடித்துக்கொள்ளக் கம்பி வைத்தாயா? லிஃப்டுக்கெல்லாம் வைக்கிறாயே, வீட்டுக்கு வை.

முடிவு செய்துவிட்டேன். அரக்கன் முடியும்வரை இங்கேயே இருக்கிறேன். இதுவும் அப்பாவுக்காகத்தான். அங்கே நீங்கள் மூன்று பேர் பார்த்துக்கொள்கிறீர்கள். இங்கே அவரைப் பார்த்துக்கொள்ள என்னை விட்டால் ஆள் இல்லை. காட்டுக் காட்சியில் பாதி ஜெயித்துவிட்டேன், சிரிப்பு ஓர் இடத்தில் மட்டும் போதும் என்று இயக்குநர் இறங்கி வந்திருக்கிறார். மீதியையும் பிடுங்கிவிடுவேன். வருஷக் கடைசிக்குள் முடிந்துவிடும். ரொம்பப் போனால் அதற்கு அடுத்த மாதம்.

அவரே வராதே என்கிறார் அல்லவா? அவர் சொன்னதைத்தான் கேட்கிறேன். சரிதானே?

இந்தக் கடிதத்தை மூன்று தடவை எழுதிக் கிழித்தேன். இப்போதும் சரியாக வரவில்லை. அனுப்பிவிடுகிறேன்.

எல்லாருக்கும் என் அன்பு.

வாண்டு


ஜூலை 17

மகளுக்கு அப்பா எழுதுவது.

எழுத்து பொடிப்பொடியாக இருக்கும். அதுவும் வியாதியின் வேலைதான். விளக்கைப் போட்டுக்கொண்டு படி.

நீ நலமா? நான் நலம் என்று எழுதுவதாக இல்லை.

உன் கடிதங்களை எல்லாம் உன் அண்ணனிடமிருந்து வாங்கிப் படித்தேன். அவன் தரவில்லை, நான்தான் அதட்டி வாங்கினேன். வேகமாக ஓட்டிச் சிரித்ததைப் படித்தபோது கோபம் வந்தது. யார் மேல் என்று தெரியவில்லை. கீழ்வீட்டுப் பிள்ளைகளும் நான் படியிறங்குவதைப் பார்த்துச் சிரிக்கத்தான் செய்கின்றன. நானாக இருந்தாலும் சிரித்திருப்பேனோ என்னவோ. அதற்காக நீ சாப்பிடாமல் கிடக்காதே.

நடிப்பு என்று நீ சொன்னது எனக்குப் பிடித்திருந்தது. அதனால்தான் வாயை மூடிக்கொண்டு இருந்தேன். இந்த உடம்பு செய்கிற எதையும் யாரும் நல்லா இருக்கு என்று சொல்லி ரொம்ப நாளாயிற்று. அது போகட்டும்.

அரக்கனின் மானத்தைக் காப்பாற்ற அங்கேயே இருக்கப் போவதாக எழுதியிருக்கிறாய். அவனை எப்படி ஓட்டினாலும் அவனுக்கு வலிக்காது. ஊர் சிரித்தாலும் அவனுக்குக் கேட்காது. நீ அவனைப் போட்டு அப்பா அப்பா என்று கட்டிக்கொண்டு அழுகிறாய். நான் இங்கே இருக்கிறேன்.

வராதே என்று சொல்லச் சொன்னவன் நான்தான். சொல்லிவிட்டு, நீ அதை மீறி வந்துவிடுவாய் என்று காத்திருந்தேன். ஒவ்வொரு தடவை கேட் சத்தம் கேட்டபோதும் எட்டிப் பார்த்தேன். சொன்ன சொல்லைக் கேட்கிற பெண்ணாக நீ எப்போது ஆனாய் என்று தெரியவில்லை. சின்ன வயதில் ஒரு நாளும் கேட்டதில்லை.

காலையில் சட்டைப் பொத்தான் போட முடிவதில்லை. உன் அம்மா போட்டுவிடுகிறாள். அப்போது நான் சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்கிறேன், அவள் கழுத்துப் பொத்தானைப் பார்த்துக்கொண்டு போடுகிறாள். இதை உன் அண்ணனிடம் சொல்ல முடியாது, உடனே எதையாவது ரிப்பேர் பார்க்கக் கிளம்பிவிடுவான். உன்னிடம் சொல்ல வேண்டும் போல் நிறைய இருக்கிறது. எழுதினால் கை நின்றுவிடுகிறது. இந்தக் கடிதத்தையே பல நாளாக எழுதிக்கொண்டிருக்கிறேன்.

உன் வேலை பெரிய வேலை. பெயர் வருவதும் பெரிய விஷயம். தெரிந்துதான் கேட்கிறேன். போனால் திரும்பக் கிடைக்காது என்றாலும் கேட்கிறேன். எனக்குப் பயமாக இருக்கிறது. வந்து கொஞ்ச நாள் என்னோடு இரு.

அப்பா


ஜூலை 23

அப்பாவுக்கு,

உங்கள் கடிதத்தை வேலை செய்யும் இடத்தில் வைத்துத்தான் படித்தேன். பக்கத்தில் உட்காருகிற கண்ணாடி என் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

அன்றே சூப்பர்வைசரிடம் சொல்லிவிட்டேன். அரக்கனைக் கண்ணாடியிடம் ஒப்படைத்துவிட்டேன். பெயரும் அவள் பெயராகத்தான் வரும். அதற்காக இரண்டு நாள் அழுதேன், உங்களிடம் மறைப்பானேன். காட்டுக் காட்சியில் அவனை ஓட்டினாலும் ஓட்டுவார்கள். சண்டை போடுகிறேன் என்று அவள் சொல்லியிருக்கிறாள். நான் போய்ப் பார்ப்பதாக இல்லை.

ஒரு விஷயம் சொல்ல வேண்டும். உங்கள் நடையை ஃபிரேம் ஃபிரேமாகப் பிரித்துப் பார்த்தவள் நான். எந்தக் கால் எப்போது ஊன்றுகிறது, எந்த அடியில் உடம்பு முன்னால் சாய்கிறது, எல்லாம் எனக்கு மனப்பாடம். உங்களைவிட எனக்கு நன்றாகத் தெரியும் என்றுகூடச் சொல்வேன். ஆனால் அத்தனை மாதத்தில் ஒரு தடவைகூட, இவருக்கு நடக்கும்போது பயமாக இருக்குமே என்று தோன்றவில்லை. அது எந்த ஃபிரேமிலும் இல்லை. நீங்கள் எழுதித்தான் தெரிந்துகொண்டேன்.

வெள்ளிக்கிழமை காலை பஸ்ஸில் வந்து இறங்குகிறேன். பஸ் ஸ்டாண்டுக்கு நீங்கள் வர வேண்டும். அண்ணன் வண்டியோடு வந்து நிற்பான், பெட்டியை அவனிடம் கொடுத்து அனுப்பிவிடுவோம். நாம் இரண்டு பேரும் நடந்தே வீட்டுக்குப் போகலாம், எவ்வளவு நேரம் ஆனாலும் பரவாயில்லை. நான் உங்கள் இடது பக்கம் வருகிறேன். எழுத முடியாமல் நின்றுபோனதை எல்லாம் வழியில் சொல்லுங்கள்.

உங்கள் மகள்